காக்க வந்த படையும் கைமாறிய மண்ணும்

சேலத்திலிருந்து ஈரோடு நோக்கிச் செல்வோர் சங்ககிரி மலையைக் காணாமல் கடக்க இயலாது. அடிவாரம் முதல் உச்சி வரை அடுக்கடுக்காய் ஏறும் மதில்களும் வாயில்களும், பெருமாள் கோயிலும் தர்காவும் ஒரே மலையில் அமைந்த கோட்டை அது. நாமக்கல் நகரின் நடுவே ஒரே கல்லாய் நிமிர்ந்து நிற்கும் குன்றின் தலையிலும் ஒரு கோட்டை உண்டு. மைசூர் ஆட்சியின் கீழிருந்த இவ்விரு கோட்டைகளும், இவற்றைச் சூழ்ந்த சோளக்காடுகளும் காவிரிக்கரை வயல்களும், 1792-ஆம் ஆண்டு மார்ச்சுத் திங்களில் ஆங்கிலக் கிழக்கிந்தியக் கும்பெனியின் உடைமையாயின.

இதற்குமுன் 1768-இல் கும்பெனிப் படை இப்பகுதிக் கோட்டைகளைப் பிடித்ததுண்டு. ஆனால் அவ்வாண்டு முடிவதற்குள்ளாகவே ஹைதர் அலி அவற்றை மீட்டுக்கொண்டார். 1792-இல் நேர்ந்த மாற்றமோ நிலைத்துவிட்டது. அதற்கான காரணத்தைத் தேடி நாம் சேலத்திலோ நாமக்கல்லிலோ நின்றால் விடை கிடைக்காது. இங்கிருந்து இருநூறு கிலோமீட்டருக்கும் அப்பால், மேற்குக் கடலோரத்தில், படையெடுப்புக்கு ஆளான ஒரு சிறிய நாட்டைக் காப்பாற்றுவதற்காக மூன்று பெரிய அரசுகள் கைகோத்தன. அக்கூட்டணி வென்றது. வென்ற நாட்டுக்குக் கிடைத்த பங்கே நம் சேலச் சமவெளி.

தாக்கப்பட்டவனைக் காப்பது அறம் என்பதில் ஐயமில்லை. ஆனால் காக்க வந்தவர்கள் திரும்பிப் போகும்போது எதைத் தம்முடன் கொண்டு சென்றார்கள் என்ற கேள்வியையும் வரலாறு கேட்கிறது. அக்கேள்வியை நம் மண்ணில் நின்று கேட்டுப் பார்ப்பதே இக்கட்டுரையின் நோக்கம்.

நெடுங்கோட்டையின் முன்னே

பதினெட்டாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் திருவிதாங்கூரை ஆண்டவர் கார்த்திகைத் திருநாள் இராமவர்மா. தர்மராஜா என்று மக்கள் அவரை அழைத்தனர். ஹைதரும் அவருக்குப் பின் திப்பு சுல்தானும் மலபாரைத் தம் ஆட்சிக்குள் கொண்டுவந்தபோது, அங்கிருந்து தப்பி வந்த சிற்றரசர்களுக்கும் குடிமக்களுக்கும் அவர் அடைக்கலம் கொடுத்தார். அதுவே மைசூரின் சினத்துக்கு ஒரு காரணமாயிற்று.

வடக்கிலிருந்து வரும் படையைத் தடுக்கத் திருவிதாங்கூர் ஒரு நீண்ட அரணை எழுப்பியிருந்தது. கொடுங்கல்லூரை அடுத்த கடற்கரையில் தொடங்கி மேற்குத் தொடர்ச்சி மலை வரை மண்மேடும் அகழியும் முள்வேலியும் காவல் நிலைகளுமாகச் சென்ற அதற்கு நெடுங்கோட்டை என்று பெயர். அதன் அமைப்பில் பெரும்பங்கு வகித்தவர் டிலனாய். 1741-இல் குளச்சல் போரில் டச்சுக்காரர்கள் பக்கம் நின்று சிறைப்பட்டு, பின்னர் திருவிதாங்கூரின் படைத்தலைவராகவே உயர்ந்தவர் அவர். புனித தேவசகாயத்தின் வரலாற்றை அறிந்த நம் வாசகர்களுக்கு அவர் புதியவரல்லர். நீலகண்டப் பிள்ளையைத் தேவசகாயமாக்கிய அருள்வழியில் முதல் துணையாய் நின்றவர் அவரே.

1789-ஆம் ஆண்டின் நடுவில் திருவிதாங்கூர், கொடுங்கல்லூர் கோட்டையையும் அதையடுத்த ஆயக்கோட்டையையும் டச்சுக்காரர்களிடமிருந்து மூன்று இலட்சம் ரூபாய்க்கு விலைக்கு வாங்கியது. அந்நிலம் தமக்குக் கப்பம் கட்டும் கொச்சி அரசருக்கு உரியது, அதை விற்க டச்சுக்காரர்களுக்கு உரிமையில்லை என்றார் திப்பு. நெடுங்கோட்டையின் ஒரு பகுதியும் கொச்சி மண்ணின் மீதே நிற்கிறது, அதை இடித்துவிட வேண்டும் என்றும் வற்புறுத்தினார். இவ்வாதங்களில் உண்மையே இல்லை என்று தள்ளிவிட முடியாது. ஆனால் எல்லை வழக்கு ஒன்றுக்குப் பெரும்படை விடையாகாது. 1789 டிசம்பர் இறுதியில் மைசூர்ப்படை நெடுங்கோட்டையைத் தாக்கியது.

அந்த முதல் தாக்குதலைத் திருவிதாங்கூர் வீரர்கள் தனித்தே முறியடித்தார்கள். அகழிக்குள் நெருக்குண்டு மைசூர்ப்படை நிலைகுலைந்தது. திப்புவின் பல்லக்கும் முத்திரையும் வாளும் திருவிதாங்கூர்ப் படையின் கையில் சிக்கின என்று அந்நாட்டு வரலாறுகள் கூறும். ஆனால் திப்பு பின்வாங்கிப் போகவில்லை. பெரும் பீரங்கிகளை வரவழைத்து 1790 ஏப்ரலில் அரணை உடைத்தார். மே மாதம் கொடுங்கல்லூர் வீழ்ந்தது. ஆலுவாய் வரை நாடு சூறையாடப்பட்டது. அதற்குள் தென்மேற்குப் பருவமழை இறங்கிப் பெரியாறு பெருக்கெடுத்தது. கும்பெனிப்படை திருச்சிராப்பள்ளியில் திரள்கிறது என்ற செய்தியும் வந்தது. திப்பு திரும்பினார்.

கூட்டணி உருவான விதம்

திருவிதாங்கூர் அரசர் ஆங்கிலேயரின் நண்பர் என்று 1784-ஆம் ஆண்டின் மங்களூர் உடன்படிக்கையிலேயே எழுதப்பட்டிருந்தது. எனினும் தாக்குதல் நடந்தபோது சென்னை ஆளுநராயிருந்த ஜான் ஹாலண்டு தயங்கினார். டச்சுக்காரர்களிடம் கோட்டைகளை வாங்கியதே தவறு என்று அவர் அரசரைக் கடிந்துகொண்டார். 1790 பிப்ரவரியில் அவர் இடத்துக்கு வில்லியம் மெடோஸ் வந்தார். கல்கத்தாவில் தலைமை ஆளுநராயிருந்த காரன்வாலிஸ் பிரபுவோ தயங்கவில்லை. நட்பு நாட்டைத் தாக்கியது கும்பெனியைத் தாக்கியதற்கு ஒப்பு என்றே அவர் கொண்டார்.

இங்கே ஒரு சட்ட நுணுக்கத்தை நாம் கவனிக்க வேண்டும். 1784-இல் இங்கிலாந்தின் நாடாளுமன்றம் இயற்றிய பிட் இந்தியச் சட்டம், இந்தியாவில் நாடு பிடிக்கும் போர்கள் அந்நாட்டின் விருப்பத்துக்கும் மதிப்புக்கும் கொள்கைக்கும் மாறானவை என்று அறிவித்திருந்தது. தாமாகப் படையெடுக்கக் கும்பெனிக்கு வழியில்லை. தன்னையோ தன் நட்பு நாட்டையோ காக்க வேண்டிய நிலை வந்தால் மட்டுமே வாளை உருவலாம். அடைக்கலம் கேட்ட திருவிதாங்கூர் அந்த வாயிலைத் திறந்துவிட்டது. காப்பது என்ற சொல்லும் கொள்வது என்ற செயலும் ஒரே கதவின் வழியே நுழைந்தன.

கும்பெனி தனியே போரிட விரும்பவில்லை. பத்தாண்டுக்கு முன் ஹைதரிடம் பட்ட அடி அதன் நினைவில் இருந்தது. எனவே மைசூருக்குப் பகைவரான இரு பேரரசுகளை அது அணுகியது. புனாவில் மராத்தியருடன் 1790 ஜூன் 1-ஆம் நாளும், ஐதராபாத்து நிஜாமுடன் ஜூலை 4-ஆம் நாளும் உடன்படிக்கைகள் கையெழுத்தாயின. மராத்தியர் தரப்பில் நானா பட்னவீசு பேச்சை நடத்தினார்.

இவ்வுடன்படிக்கைகளின் உயிர்நாடி எது? கைப்பற்றப்படும் நிலத்தை மூவரும் சமமாகப் பங்கிட்டுக்கொள்வது என்ற விதியே. யாரைக் காப்பதற்காகப் போர் மூண்டதோ அந்தத் திருவிதாங்கூர் அரசருக்கு இப்பங்கில் இடமில்லை. படை புறப்பட்டு ஓரிரு திங்களே ஆன அந்நாளில், போரின் முடிவு எவருக்கும் தெரியாதபோதே, வெற்றியின் விளைச்சல் தாளில் மூன்றாக அளக்கப்பட்டுவிட்டது.

தொப்பூர் கணவாய் வழியே

1790 மே இறுதியில் மெடோசின் படை திருச்சியிலிருந்து நகர்ந்தது. கரூர், தாராபுரம், கோயம்புத்தூர் என்று ஒவ்வோர் ஊராய் அதன் கைக்கு வந்தன. திண்டுக்கல்லும் பாலக்காடும் பணிந்தன. கோயம்புத்தூரிலிருந்து கசலட்டிக் கணவாய் வழியே மைசூர் மேட்டுநிலத்துக்கு ஏறுவது அவர் திட்டம். ஆனால் செப்டம்பரில் அதே கணவாய் வழியே திப்பு கீழிறங்கினார். சத்தியமங்கலத்தில் கடும்போர் நடந்தது. ஆங்கிலேயர் பின்வாங்கினர். ஈரோடும் தாராபுரமும் மீண்டும் திப்புவின் வசமாயின.

அதன்பின் போர் சேலத்தின் வாயிலுக்கு வந்தது. வங்காளத்திலிருந்து வந்த படையுடன் கர்னல் மாக்சுவெல் கிழக்கிலிருந்து பாராமகாலுக்குள் நுழைந்தார். இன்றைய கிருட்டிணகிரி, தருமபுரிப் பகுதியே அன்றைய பாராமகால். அவரைத் தாக்கத் திப்பு விரைந்தார். திப்புவைத் தொடர்ந்து மெடோஸ் தெற்கிலிருந்து தொப்பூர் கணவாய் வழியே ஏறி, நவம்பர் நடுவில் காவேரிப்பட்டினத்துக்கு அருகே மாக்சுவெல்லுடன் சேர்ந்துகொண்டார். இரு படைகளுக்கு நடுவே திப்பு அகப்பட்டார் என்று அவர்கள் எண்ணியிருந்த வேளையில், மெடோஸ் ஏறி வந்த அதே தொப்பூர் கணவாய் வழியே திப்பு நழுவி இறங்கிவிட்டார். காவிரியின் வடகரையையொட்டித் திருச்சிப் பக்கம் பாய்ந்து, அங்கிருந்து திருவண்ணாமலை, புதுச்சேரிப் பகுதி வரை சென்றார். ஆங்கிலப்படை பின்தொடர்ந்தது.

இன்று லாரிகள் வரிசையாய் இறங்கும் அக்கணவாயில், அடுத்தடுத்த நாட்களில் இரண்டு பெரும்படைகள் ஏறி இறங்கியதை எண்ணிப் பாருங்கள். அக்காலப் படை என்பது வீரர்கள் மட்டும் அடங்கியதன்று. பீரங்கி இழுக்கும் மாடுகள், அரிசி சுமக்கும் பொதிமாடுகள், தானியம் விற்கும் லம்பாடிக் கூட்டங்கள், ஏவலர்கள் என்று வீரர்களைப்போல் பலமடங்கு உயிர்கள் உடன்செல்லும். அது நகர்ந்த வழியில் வைக்கோல் போரும் களத்து நெல்லும் மிஞ்சுவதில்லை. பகைவனுக்குக் கிடைக்கக் கூடாது என்று எரிப்பதும் வழக்கமாயிருந்தது. தொப்பூருக்கும் மோகனூருக்கும் இடைப்பட்ட உழவர், நெடுங்கோட்டை என்னும் பெயரைக்கூடக் கேட்டிருக்க மாட்டார். அதைக் காக்கும் போரின் பாரமோ அவர் களத்துமேட்டில் வந்து இறங்கியது.

1791 சனவரியில் காரன்வாலிசே தலைமை ஏற்றார். மார்ச்சில் பெங்களூர் வீழ்ந்தது. மே மாதத்தில் சீரங்கப்பட்டினத்தை நெருங்கியும், உணவும் தீவனமும் இன்றி மாடுகள் கூட்டங்கூட்டமாய் மடிய, முற்றுகைப் பீரங்கிகளைத் தாமே அழித்துவிட்டுத் திரும்ப நேர்ந்தது. மராத்தியப் படை வந்து சேர்ந்து கடைவிரித்த பின்னரே ஆங்கில வீரர்கள் வயிறார உண்டார்கள். கூட்டணியின் வலிமை அங்கே தெரிந்தது. அதன் மறுபக்கமும் அதே ஆண்டில் தெரிந்தது. மராத்தியப் படையின் ஒரு பிரிவு சிருங்கேரி மடத்தைக் கொள்ளையிட்டது. மடத்தைச் சீர்ப்படுத்தப் பொருள் அனுப்பியவர் திப்பு சுல்தான். 1784-இல் மங்களூர்ப் பகுதிக் கத்தோலிக்கரை ஊரோடு பெயர்த்துச் சீரங்கப்பட்டினத்துக்குச் சிறைகொண்டு சென்றவரும் அதே திப்புவே. ஒரு பக்கம் முழு ஒளி, மறுபக்கம் முழு இருள் என்று இப்போரை எழுத விரும்புவோருக்கு இவ்விரு செய்திகளும் இடையூறாகவே நிற்கும்.

மூன்று பங்கு

1792 பிப்ரவரி 6-ஆம் நாள் இரவில் கூட்டணிப்படை சீரங்கப்பட்டினத்தின் புற அரண்களைத் தாக்கிப் பிடித்தது. திப்பு பணிந்தார். மார்ச்சில் கையெழுத்தான உடன்படிக்கையின்படி தம் நாட்டில் பாதியை விட்டுக்கொடுத்தார். மூன்று கோடியே முப்பது இலட்சம் ரூபாய் தண்டம் செலுத்த ஒப்பினார். அதுவரை பிணையாக, பத்து வயதையும் எட்டு வயதையும் ஒட்டிய இரு புதல்வர்களைக் காரன்வாலிசிடம் ஒப்படைத்தார். அச்சிறுவர்கள் 1794-இல்தான் தந்தையிடம் திரும்பினர்.

விட்டுக்கொடுத்த நிலம் முன்பே எழுதியபடி மூன்றாகப் பிரிந்தது. வடக்கே கிருட்டிணா, துங்கபத்திரை ஆறுகளை ஒட்டிய பகுதிகளை மராத்தியரும் நிஜாமும் பெற்றனர். கும்பெனிக்கு மலபாரும் திண்டுக்கல்லும் பாராமகாலும், அதனுடன் சேலம், நாமக்கல், சங்ககிரி, ஆத்தூர் அடங்கிய நம் சமவெளியும் வந்தன. கோயம்புத்தூர் சீமை திப்புவிடமே விடப்பட்டது.

அதனால் ஏழாண்டுக் காலம் ஒரு விந்தையான நிலைமை நிலவியது. காவிரி நாட்டு எல்லையாயிற்று. பள்ளிபாளையம் கும்பெனியுடையது, எதிர்க்கரை ஈரோடு மைசூருடையது. குமாரபாளையம் இந்நாடு, பவானி அந்நாடு. மோகனூரில் பரிசல் ஏறி வாங்கலில் இறங்குபவர் ஓர் அரசிலிருந்து மற்றோர் அரசுக்குள் கால் வைத்தார். ஒரே தறி, ஒரே ஏர், ஒரே பேச்சு, கொண்டு கொடுத்த உறவு, அக்கரைச் சந்தை, இக்கரைத் திருவிழா என்று வாழ்ந்த மக்களின் நடுவே, எங்கோ நடந்த பங்கீட்டின் கோடு ஆற்றோடு ஓடியது. 1799-இல் திப்பு வீழ்ந்து கோயம்புத்தூரும் கும்பெனியின் வசமான பிறகே அக்கோடு மறைந்தது.

காக்கப்பட்டவர் பெற்றது என்ன?

திருவிதாங்கூர் அழியாமல் நின்றது. அதை நாம் குறைத்து மதிப்பிடலாகாது. கூட்டணி வந்திராவிட்டால், மழைக்குப்பின் திப்பு மீண்டும் திரும்பியிருப்பார். திருவனந்தபுரம் மலபாரின் கதியை அடைந்திருக்கக்கூடும்.

ஆனால் நிலம் எதுவும் பெறாத திருவிதாங்கூர், போர்ச் செலவின் ஒரு பகுதியைச் சுமந்தது. 1795-இல் அது கும்பெனியுடன் நிலையான உடன்படிக்கை ஒன்றைச் செய்துகொண்டு, தன் காவலுக்கென நிற்கும் கும்பெனிப் படைக்கு ஆண்டுதோறும் பணம் கட்ட ஒப்பியது. 1805-இல் அத்தொகை ஆண்டுக்கு எட்டு இலட்சம் ரூபாயாயிற்று. கட்ட இயலாத சுமையும் ஆங்கிலத் தூதரின் தலையீடும் சேர்ந்து, உடன்படிக்கையில் கையொப்பமிட்ட வேலுத்தம்பி தளவாயையே 1809-இல் வாளேந்த வைத்தன. எதிரியிடமிருந்து காக்க வந்த படை, காத்த நாட்டின் கருவூலத்தில் நிலையாய்க் குடியேறிவிட்டது.

கொச்சியும் 1791-இலேயே மைசூருக்குக் கட்டிய கப்பத்தைக் கும்பெனிக்குக் கட்டத் தொடங்கிவிட்டது. போரில் ஆங்கிலேயர் பக்கம் நின்ற மலபார்ச் சிற்றரசர்கள், இழந்த ஆட்சி மீளும் என்று காத்திருந்து, கடைசியில் ஊதியம் பெறும் குடிகளாயினர். அவர்களுள் ஒருவரான பழசி இராசா எதிர்த்துப் போரிட்டு 1805 நவம்பரில் உயிர்துறந்தார்.

கூட்டணியில் இருந்தவர்களேனும் தப்பினார்களா? 1795 மார்ச்சில் கர்தா என்ற இடத்தில் மராத்தியர் நிஜாமைத் தாக்கித் தோற்கடித்தபோது, மூன்றாண்டுக்கு முன் தோளோடு தோள் நின்ற கும்பெனி விலகி நின்று வேடிக்கை பார்த்தது. தாக்கப்பட்ட நண்பனைக் காப்பது அறம் என்ற பேச்சு அப்போது எழவில்லை. தனித்துவிடப்பட்ட நிஜாம் 1798-இல் கும்பெனியின் துணைப்படையை ஏற்றுத் தம் விடுதலையை இழந்தார். மராத்தியப் பேசுவா 1802-இல் அதே வலைக்குள் விழுந்தார். 1818-இல் மராத்தியப் பேரரசே மறைந்தது. மூவர் பங்கிட்ட நிலம் முப்பது ஆண்டுக்குள் ஏறக்குறைய ஒருவரின் ஆணைக்குள் அடங்கிவிட்டது.

நம் சமவெளிக்கு வந்த அதிகாரி

புதிதாய்க் கிடைத்த பாராமகாலையும் சேலத்தையும் ஆளக் காரன்வாலிஸ் தேர்ந்தெடுத்தவர் கேப்டன் அலெக்சாண்டர் ரீடு. போரின்போது ஒற்றர்களை நடத்தியவரும் படைக்குத் தானியம் திரட்டியவரும் அவர். எந்த ஊரில் எவ்வளவு விளையும், எந்தப் பாதையில் வண்டி போகும் என்பதை அறிந்தவர். போருக்காகச் சேர்த்த அறிவு வரிக்கு உதவிற்று. அவருடைய உதவியாளர்களுள் மக்லியோடு சேலம் உள்ளிட்ட தென்பகுதியையும், தாமஸ் மன்றோ தருமபுரி உள்ளிட்ட நடுப்பகுதியையும் கவனித்தனர்.

நிலம் முழுவதையும் வயல் வயலாக அளந்தார்கள். இடைத்தரகரை நீக்கி ஒவ்வோர் உழவனிடமும் நேரே வரி பெறும் முறையை ரீடு படிப்படியாய் வகுத்து, 1796 டிசம்பரில் திருப்பத்தூரிலிருந்து அறிக்கையாக வெளியிட்டார். பின்னாளில் மன்றோ சென்னை ஆளுநராகி மாகாணம் முழுவதும் பரப்பிய இரயத்துவாரி முறையின் முளை நம் மண்ணிலேதான் விட்டது. பலவகைச் சில்லறை வரிகள் நீங்கியதும், எவ்வளவு கட்ட வேண்டும் என்பது உழவனுக்கு முன்பே தெரிந்ததும் நன்மைகளே. மன்றோவை மக்கள் மதித்தார்கள் என்பதும் உண்மையே.

ஆயினும் விதித்த வரி மிகுதியாயிருந்தது. அதைவிடப் பெரிய குறை, அம்முறையே நிலைக்காததாகும். 1802 முதல் மேலிடத்து ஆணைப்படி ஊர்களை மிட்டாக்களாகத் தொகுத்து ஏலத்தில் விற்றனர். ஏலத்தொகையை ஈட்ட முடியாத மிட்டாதார்கள் பலர் சில ஆண்டுகளிலேயே நொடிந்தனர். அவர்களின் கீழ்ப் பயிரிட்டவர்களின் நிலை சொல்லத் தேவையில்லை. சேலம் வட்டாரத்தில் மிட்டா, மிட்டாதார் என்னும் சொற்கள் 1948-ஆம் ஆண்டின் சமீன் ஒழிப்புச் சட்டம் வரை உயிரோடிருந்தன. ஒரு முறை நல்லதோ தீயதோ, அதைக் கொண்டுவந்தபோதும் எடுத்தபோதும் இங்குள்ளவரை எவரும் கேட்கவில்லை. திப்புவும் கேட்டதில்லை, கும்பெனியும் கேட்டதில்லை.

இருநூறு ஆண்டுக்குப் பின்

நெடுங்கோட்டை உடைந்த 1790-க்குச் சரியாக இருநூறு ஆண்டு கழித்து, 1990 ஆகஸ்டு 2-ஆம் நாள் ஈராக் குவைத்துக்குள் நுழைந்தது. கடன், எண்ணெய், பழைய எல்லை வழக்கு என்று அங்கும் காரணங்கள் சொல்லப்பட்டன. அங்கும் அண்டை நாட்டின் பெரும்படை ஒரு சிறு நாட்டை விழுங்கியது. அங்குப் பிழைக்கச் சென்றிருந்த நம்மவர் பலர், சேமித்ததையெல்லாம் விட்டுவிட்டுப் பாலைவழியே சோர்தான் வரை போய் விமானமேறினர். ஓர் இலட்சத்து எழுபதாயிரத்துக்கும் மேற்பட்ட இந்தியர்களை நம் அரசு அவ்வாண்டு தாயகம் கொண்டுவந்தது.

அப்போதும் ஒரு கூட்டணி எழுந்தது. முப்பதுக்கும் மேற்பட்ட நாடுகள் அதில் இருந்தன. 1990 நவம்பர் 29-ஆம் நாள் ஐக்கிய நாடுகளின் பாதுகாப்பு அவை 678-ஆம் தீர்மானத்தின் வாயிலாக அதற்கு ஒப்புதல் தந்தது. 1991 சனவரி 17-இல் தொடங்கிய போர் பிப்ரவரி 28-இல் முடிந்தது. குவைத்து விடுதலை பெற்றது. 1792-க்கும் 1991-க்கும் இடையே மாந்தர்குலம் ஓர் அடி முன்னேறியிருந்தது என்று சொல்ல இடமுண்டு. ஈராக்கின் மண்ணைக் கூட்டணி நாடுகள் பங்கிட்டுக்கொள்ளவில்லை. படையெடுக்கக் கூடாது என்ற விதியும், அதை மீறுவோரைத் தடுக்கப் பொது அவையின் ஒப்புதல் வேண்டும் என்ற விதியும் ஏட்டில் ஏறியிருந்தன.

ஆனால் அங்கும் வெற்றிக்குப் பிந்திய காலத்தைப் பார்க்க வேண்டியிருக்கிறது. போர்ச் செலவின் பெரும்பகுதியைக் குவைத்து, சவூதி, சப்பான், செருமனி முதலிய நாடுகள் ஏற்றன. ஈராக்கின்மீது 1990 ஆகஸ்டில் விதிக்கப்பட்ட பொருளாதாரத் தடை 2003 வரை நீடித்தது. படையெடுக்க ஆணையிட்டவர் அரண்மனையில் இருந்தார். மருந்தும் உணவும் தட்டுப்பட்டவர்கள், அந்த ஆணையில் எந்தப் பங்கும் இல்லாத எளியவர்கள். 2003-இல் ஈராக்குக்குள் நுழைந்த படைக்குப் பாதுகாப்பு அவையின் தெளிவான ஒப்புதல் இல்லை. காக்கும் படை எங்கே முடிகிறது, கொள்ளும் படை எங்கே தொடங்குகிறது என்பது அங்கும் மங்கலாயிற்று.

அளவுகோல்

பதின்மூன்றாம் நூற்றாண்டில் புனித தாமஸ் அக்குவினாஸ் ஒரு போர் நேரியதாவதற்கு மூன்று தேவைகளைக் கூறினார். உரிய அதிகாரம் உடையவர் தொடுக்க வேண்டும். காரணம் நீதியானதாயிருக்க வேண்டும். தொடுப்பவரின் நோக்கமும் நேரியதாயிருக்க வேண்டும். 1790-ஆம் ஆண்டின் கூட்டணியை இவ்வளவுகோலில் வைத்தால் இரண்டாவது தேவையில் அது தேறும். படையெடுப்பு உண்மை, அடைக்கலம் கேட்டவனின் துயரும் உண்மை. மூன்றாவதில் அது தடுமாறுகிறது. நோக்கம் மனத்துக்குள் மறைந்திருப்பது, அதை எப்படி அளப்பது என்று கேட்கலாம். அதற்கான விடை புனா உடன்படிக்கையிலேயே உள்ளது. போர் முடியுமுன்பே எழுதிய பங்கீடே நோக்கத்தின் வெளிப்படையான சான்று.

அதற்காக, தாக்கப்பட்டவனுக்கு எவரும் துணைபோக வேண்டாம் என்று முடிவு கட்டினால் அது அதைவிடப் பெரிய பிழையாகும். ஹாலண்டைப்போல் கணக்குப் பார்த்துக்கொண்டு நின்றால் ஆலுவாய்க்கரை எரியும். கர்தாவில் நின்றதைப்போல் விலகி நின்றால் நண்பன் தனித்துச் சாவான். துணைபோவது கடன். ஆனால் கடன் ஆற்றியதற்குக் கூலியாக இன்னொருவன் நிலத்தையும் காத்தவனின் கருவூலத்தையும் எடுத்துக்கொள்ளும்போது, அக்கடன் வாணிகமாகிவிடுகிறது. எனவே காக்கப் புறப்படும் கூட்டணியிடம் புறப்படும் நாளிலேயே கேட்க வேண்டிய கேள்விகள் உண்டு. வென்றபின் எப்போது திரும்புவீர்கள்? செலவை யார் தாங்குவது? எதிரி நாட்டின் எளியவருக்கு என்ன நேரும்? வழியில் உள்ள ஊரின் களத்துமேட்டுக்கு யார் பொறுப்பு? இன்றும் ஒரு நாட்டை மற்றொரு நாடு தாக்கும்போதெல்லாம், துணைநிற்போம் என்ற முழக்கத்தோடு இக்கேள்விகளுக்கும் விடை வரவேண்டும்.

சங்ககிரி அதன் சாட்சியாய் நிற்கிறது. 1792-இல் கும்பெனியின் கைக்கு வந்த அக்கோட்டையில், பதின்மூன்று ஆண்டு கழித்து, 1805 சூலை 31-ஆம் நாள் தீரன் சின்னமலை தூக்கிலிடப்பட்டார். காவிரியின் எதிர்க்கரையான கொங்கு மண்ணில் கும்பெனியை எதிர்த்து வாளேந்தியவர் அவர். ஆண்டுதோறும் ஆடிப்பெருக்கின்போது அவரை நினைத்து மக்கள் அம்மலையடியில் கூடுகிறார்கள். திருவிதாங்கூரைக் காப்பதற்காக எழுந்த போர் அக்கோட்டையைக் கும்பெனிக்குத் தந்தது. கும்பெனி அங்கே தூக்குமரத்தை நட்டது. நெடுங்கோட்டையின் அகழியிலிருந்து சங்ககிரியின் தூக்குமரம் வரை நீளும் இந்தப் பதினைந்து ஆண்டு வழியை, மலையடியில் கூடும் நம் பிள்ளைகளுக்கு நாம் சொல்லிக்கொடுக்க வேண்டும்.